கவ்வாத்து வருசம் என்றால் எந்த வருசம்?

அப்பாயி பேத்தி

எல்லோருக்கும் வணக்கம். அப்பாவுக்கு அறுபதாம் கல்யாணம் செய்து வைக்க வேண்டும் என்று அண்ணனும் நானும் ரொம்ப நாளாகப் பேசிக்கொண்டிருக்கிறோம். பேச்சு எப்போதும் ஒரே இடத்தில் முட்டி நிற்கும். அப்பாவுக்கு எப்போது அறுபது?

அடையாள அட்டையில் 1966 ஜனவரி 1 என்று இருக்கிறது. யாரோ குத்துமதிப்பாகப் போட்ட தேதி அது என்று வீட்டில் எல்லோருக்கும் தெரியும். அப்பாவின் பிறப்பு பதியப்படவே இல்லை. அப்பாயியைக் கேட்டால் அவர் ஆண்டுக் கணக்கில் பதில் சொல்வதில்லை. "ஒங்கப்பன் ஆறாம் நம்பர் மலை கவ்வாத்து வருசம் பொறந்தான். ஒங்கத்தை அதே மலை மறு கவ்வாத்துக்குப் பொறந்தா." இவ்வளவுதான். மலை என்றால் தோட்டத்தில் நம்பர் போட்ட ஒரு தேயிலைப் பகுதி, கவ்வாத்து என்றால் அங்கே செடிகளின் கிளைகளை வெட்டிவிடுவது. அத்தைக்குப் பிறப்புச் சான்றிதழ் இருக்கிறது, 1969 ஆகஸ்ட்.

தோட்டம் இலங்கை மலையகத்தில், புசல்லாவைப் பக்கம். நாங்கள் மேக்கணக்கு, அதாவது தோட்டத்தின் மேல் பிரிவு. நான் படித்து வெளியே வந்துவிட்டேன், இப்போது ஹட்டன் டவுனில் இருக்கிறேன். தேயிலையை எத்தனை வருசத்துக்கு ஒருமுறை கவ்வாத்து வெட்டுவார்கள் என்பதுகூடச் சரியாகத் தெரியவில்லை. சொல்லவே வெட்கமாக இருக்கிறது.

இன்னொரு கேள்வியும் உண்டு. அலுவலகத்தில் இந்தக் கதையைச் சொன்னபோது யாழ்ப்பாணத்து நண்பர் "கவ்வாத்தா, அது என்ன?" என்றார். போனில் பேசிய சென்னைத் தோழி, "கவாத்துன்னா போலீஸ் பரேடுதானே, உங்கப்பா பரேடு நடந்த வருசமா பிறந்தார்?" என்று சிரித்தாள். ஒரே சொல்லுக்கு இவ்வளவு தூரமா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழைய கணக்கப்பிள்ளை

தங்கச்சி, கணக்கை முதலில் பார்ப்போம். சொல்லாராய்ச்சிக்கு இங்கே ஆள் தானாக வரும்.

கவ்வாத்துச் சுற்று உயரத்தைப் பொறுத்தது. நாலாயிரம் அடிக்கு மேலே செடி மெதுவாக வளரும், அங்கே நாலு முதல் ஐந்து வருசம். இடைநாட்டில் மூன்று, நாலு. கீழே இரத்தினபுரி, காலிப் பக்கம் அதிலும் குறைவு. உங்கள் மேக்கணக்கு நாலாயிரத்துக்கு மேலே இருந்தால் 1969இலிருந்து நாலோ ஐந்தோ கழியுங்கள். 1965 அல்லது 1964. அப்படியானால் அப்பாவுக்கு அட்டையில் இருப்பதைவிட ஒன்று, இரண்டு வயது கூட.

ஆனால் இது பள்ளிக்கூடக் கணக்கு. மலையில் அப்படி நடக்காது. வேரில் மாவு சேரவில்லை என்றால் கவ்வாத்தைத் தள்ளிப்போடுவோம். ஒரு வேர்த்துண்டை நறுக்கி அயடின் விட்டுப் பார்ப்போம். கருநீலமாக மாறினால் வெட்டலாம். மாறாவிட்டால் கொழுந்தெடுப்பதை நிறுத்திச் செடியைக் கொஞ்ச நாள் ஆறப்போட வேண்டும். அதைப் பார்க்காமல் வெட்டினால் நிறையச் செடி பட்டுப்போகும். கடும் வெயில் மாதத்திலும் வெட்டக்கூடாது, இலை நிழல் போனதும் கொம்பின் தோல் வெந்து வெடித்துவிடும். ஆகவே ஆறு மாதம் முன்னே பின்னே ஆவது சாதாரணம்.

ஊவாக்காரன்

அப்பாயி சொன்னதில் எனக்கு ஆச்சரியமே இல்லை. எங்கள் பாட்டியும் இப்படித்தான். "பெரிய மழை வருசம்", "பழைய துரை போன வருசம்", "கவ்வாத்து வருசம்". காலண்டர் துரை (தோட்ட மேலாளர்) பங்களாவிலும் ஆபீசிலும்தான் தொங்கியது. லயத்தில், அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளில் இருந்தவர்களுக்கு மலைதான் காலண்டர். ஒரு நம்பர் மலை மொட்டையாக நின்றால் அது எல்லோர் கண்ணுக்கும் தெரியும், அந்த வருசத்தை மறக்க முடியாது.

எங்கள் பக்கம் (பதுளை) அந்தச் சொல்லுக்கு வேறு அர்த்தங்களும் ஓடும். ஞாயிற்றுக்கிழமை முடி வெட்டிக்கொண்டு வந்தால், "என்னாடா, தலைக்குக் கவ்வாத்தா?" சம்பளத்தன்று சந்தா, சேமலாப நிதி, தீபாவளி முற்பணம் எல்லாம் பிடித்து மிச்சம் கையில் வந்தால், "இந்த மாசம் நல்ல கவ்வாத்து." வீட்டில் அம்மா திட்டினாலும் அதே சொல்தான்.

நெல்லியடியான்

அந்த யாழ்ப்பாணத்து நண்பர் நானில்லை என்று முதலில் சொல்லிவிடுகிறேன். எங்கட பக்கம் முந்திரிகை (திராட்சை) தோட்டம் வைத்திருக்கிறவர்கள் கொடியைக் "கத்தரிக்கிறது" என்றுதான் சொல்வார்கள். வேலியில் கிளுவை, பூவரசு என்றால் "கொப்பு வெட்டுறது". கவ்வாத்து என்ற சொல்லை நான் முதலில் கேட்டது வட்டவளையில் கற்பித்த காலத்தில். ஒரு பையன் பள்ளிக்கு வராததற்குக் காரணம், "அப்பா கவ்வாத்துக்குப் போயிருக்கார் சேர், சோறு கொண்டுபோகணும்." கவ்வாத்து ஏதோ ஊரின் பெயர் என்று நினைத்து, "அங்கே போக எத்தனை மணி பஸ்?" என்று கேட்டேன். வகுப்பு முழுக்கச் சிரித்தது.

சொல்பொறுக்கி

சென்னைத் தோழி சொன்னது தப்பில்லை. தமிழ்நாட்டில் காவல்துறை அணிவகுப்புப் பயிற்சிக்கு இன்றைக்கும் கவாத்து என்றே பெயர், கவாத்து மைதானம் என்று பலகையே இருக்கும். அது அரபியிலிருந்து உருது வழியாக வந்தது. அரபியில் கவாயித் என்றால் விதிகள், "காயிதா"வின் பன்மை. இலக்கணத்துக்கும் அதுதான் சொல். விதிப்படி நடப்பது பயிற்சி, பயிற்சியில் நடப்பது அணிவகுப்பு. சென்னைப் பல்கலைக்கழக அகராதியும் அணிவகுப்பு என்ற பொருளுக்கு உருதுவைத்தான் காட்டுகிறது. துரையைக் கண்டதும் கவாத்தை மறந்த சிப்பாய் என்று ஒரு பழமொழியும் உண்டு.

என் கட்சி இது: மரம் வெட்டும் கவாத்தும் அதே சொல்தான். ஆயிரக்கணக்கான செடியை வரிசை பிடித்து ஒரே உயரத்துக்குக் கொண்டுவருகிற வேலையைப் பார்த்தவன், சிப்பாய்களை நிறுத்துகிற சொல்லை அதற்குக் கொடுத்திருப்பான். இன்னொன்றையும் கவனியுங்கள். தோட்டத்தில் காலையில் ஆட்கள் கூடும் இடம் பெரட்டுக்களம். அந்தப் பெரட்டு, பரேடு என்ற இங்கிலீஷ்ச் சொல். ஆக, மனிதனை வரிசையில் நிறுத்த வெள்ளைக்காரனின் பட்டாளச் சொல், செடியை வரிசையில் நிறுத்த நவாப்பின் பட்டாளச் சொல்!

கொப்பு ஒடித்தவன்

கேட்க அழகாக இருக்கிறது. ஆனால் ஒத்துக்கொள்ள முடியவில்லை அண்ணே. தமிழ்நாட்டில் முற்றத்து ரோஜாவை வெட்டினாலும் கவாத்து. முருங்கைக்குக் கவாத்து, மல்லிகைக்குக் கவாத்து. ஒற்றை முருங்கை மரத்தில் எங்கே வரிசை, எங்கே அணிவகுப்பு?

கவை என்றால் பிளந்த கிளை. கவட்டை, கவைக்கோல் எல்லாம் அந்த வேர்தான். கிளை சம்பந்தப்பட்ட வேலைக்கு "கவ" என்று தொடங்கும் சொல் இருந்தால் நான் முதலில் அங்கேதான் தேடுவேன். உருதுவுக்கு ஏன் ஓட வேண்டும்?

சொல்பொறுக்கி

"கவ" சரி. மிச்சமிருக்கும் "ஆத்து" எங்கிருந்து வந்தது? கவையிலிருந்து கவாத்து வர எந்த விகுதி இடம் கொடுக்கிறது? ஒரே மாதிரி ஒலித்தால் உறவு என்றால், காத்தான்குடியும் காற்றாடியும் அண்ணன் தம்பி.

கொப்பு ஒடித்தவன்

விகுதிக்கு என்னிடம் பதில் இல்லை. ரோஜாவுக்கு உங்களிடம் பதில் இல்லை. சரிக்குச் சரி.

கம்பளை பஸ்

நடுவில் ஒன்று. சிங்களத்தில் தேயிலை வெட்டுவதை "கப்பாது" என்பார்கள். கப்பாதுவ, கப்பாது கரனவா. செய்தியில் அரசாங்கம் செலவைக் குறைத்தால் அதுவும் கப்பாது. காளைக்குக் காயடிப்பதற்கும் அந்தச் சொல் உண்டு. அது போர்த்துக்கேயச் சொல் என்று சொல்வார்கள், "கப்பாடோ", காயடித்தது என்று பொருள்.

கப்பாது, கவ்வாத்து. வாய்விட்டுச் சொல்லிப் பாருங்கள். கோப்பிக் காலத்திலேயே கம்பளைப் பக்கத்துக் காடு முழுக்க நம்மாட்களும் சிங்கள ஆட்களும் சேர்ந்து வெட்டினதுதானே? பக்கத்தில் நின்றவன் சொன்னதை நாமும் சொல்லியிருப்போம். அறைக்குச் சொல்லும் காம்பிரா போர்த்துக்கேயம், திண்ணைக்குச் சொல்லும் இஸ்தோப்பு ஒல்லாந்தம், இது மட்டும் ஏன் சுத்தமாக இருக்க வேண்டும்?

கொப்பு ஒடித்தவன்

அடக் கடவுளே. அப்பாயி பேத்தி, இதை உங்கள் அப்பாவிடம் காட்டவேண்டாம். காயடித்த வருசம் பிறந்தார் என்று ஆகிவிடும்.

சொல்பொறுக்கி

கம்பளை பஸ் சொல்வதில் ஒரு சிக்கல். சேலத்து மாமரத்தையும் மதுரை மல்லிகையையும் வெட்டுகிறவர்கள் சிங்களம் கேட்டவர்கள் அல்லர். அவர்களுக்கும் அது கவாத்துதான். எனவே சொல் கடலுக்கு அந்தப் பக்கமிருந்து மூட்டையோடு வந்தது என்பதே பொருத்தம்.

ஆனால் ஒரே ஒரு இடத்தில் யோசிக்கிறேன். அங்கே "கவாத்து", ஒற்றை வகரம். இங்கே "கவ்வாத்து", இரட்டை. அந்த அழுத்தம் எங்கிருந்து வந்தது? "கப்பாது"வில் இருக்கும் "ப்ப" பக்கத்தில் நின்று தட்டிக்கொடுத்ததா? நிரூபிக்க முடியாது. தள்ளிவிடவும் மனசில்லை.

கூடலூர் சிலோன்காரன்

அந்த அழுத்தத்தைப் பற்றிச் சொல்லத்தான் கணக்குத் திறந்தேன். எங்கள் குடும்பம் 1964 சிறிமா-சாஸ்திரி ஒப்பந்தத்தில், தோட்டத் தமிழரில் ஒரு பகுதியினரை இந்தியக் குடிமக்களாக்கி அனுப்பிய ஒப்பந்தத்தில், இந்தியா வந்தது. அப்பா நாவலப்பிட்டிப் பக்கத்துத் தோட்டம், வந்து சேர்ந்தது நீலகிரியில் அரசு தேயிலைத் தோட்டம். தமிழ்நாடு அரசு எங்களைப் போல் வந்தவர்களுக்கு வேலை கொடுக்கவே 1968இல் தொடங்கிய தோட்டங்கள் அவை. இங்கே சூப்பர்வைசர், நோட்டீசு, சம்பளச் சீட்டு எல்லாவற்றிலும் கவாத்துதான். நாங்கள் மட்டும் கவ்வாத்து. முதல் வாரமே எங்களைக் கண்டுபிடிக்க அந்த ஒரு "வ்" போதும். "கவ்வாத்துன்னு சொல்றான் பாரு, சிலோன் ஆளு." பள்ளிக்கூடத்தில் நான் கஷ்டப்பட்டு அந்த "வ்"வை விழுங்கப் பழகினேன். அப்பா கடைசிவரை மாற்றவில்லை.

அம்மாவுக்கு அந்தச் சொல்லுக்கு இன்னொரு பொருள் இருந்தது. லயத்தில் பன்னிரண்டு காம்பிரா. ஒரு வீட்டில் அண்ணனுக்கு இந்தியா, தம்பிக்குச் சிலோன். மாமன் வீட்டுக்குக் கடிதம் வந்துவிட்டது, எங்களுக்கு இன்னும் வரவில்லை. ஒவ்வொரு மாதமும் ஒரு குடும்பம் தலைமன்னாருக்கு ரயில் ஏறும். அந்தக் காலத்தைப் பற்றி அம்மா சொல்லும்போது, "நம்ம லயத்தக் கவ்வாத்து வெட்டுன சமயம்" என்பார். வேறு எந்தச் சொல்லும் அவர் வாயில் வந்து நான் கேட்டதில்லை.

அப்பாயி பேத்தி

கூடலூர் அண்ணா, இதைப் படித்துவிட்டு இரண்டு நாள் பதில் எழுத முடியவில்லை. எங்கள் வீட்டிலும் பெரிய தாத்தா குடும்பம் அப்படிப் போனதுதான்.

அப்பாயியிடம் இன்னும் கொஞ்சம் கேட்டேன். கவ்வாத்து என்றால் என்ன ஞாபகம் வருகிறது என்றேன். கத்தியையோ செடியையோ சொல்வார் என்று எதிர்பார்த்தேன். "மிலாறு" என்றார்.

ஊவாக்காரன்

மிலாறு! அதைச் சொல்லாமல் கவ்வாத்தைப் பற்றி இவ்வளவு எழுதியிருக்கிறோமே.

தெரியாதவர்களுக்கு: கவ்வாத்தில் வெட்டி விழும் கிளைகள்தான் மிலாறு. காய்ந்ததும் அடுப்புக்கு அதைவிட நல்ல விறகு கிடையாது. தேயிலைக் கட்டை கனம், நின்று எரியும். ஆண்கள் வெட்டிவிட்டுப் போன பிறகு பெண்கள் பொறுக்கிக் கட்டிச் சுமப்பார்கள். இஸ்தோப்பில் கூரைவரை அடுக்கியிருந்தால் அந்த வீட்டில் மழைக்காலத்துக்குக் கவலையில்லை. ஈர மிலாறு என்றால் அடுப்பு அழவைக்கும்.

எங்கள் தோட்டத்தில் சிலர் அந்த விறகையே கவ்வாத்து என்பார்கள். "கவ்வாத்து பொறுக்கப் போறேன்." வேலையின் பெயர், அதில் கிடைக்கும் பொருளுக்கும் ஆகிவிட்டது.

கொப்பு ஒடித்தவன்

இந்தச் சொல்லிலாவது நான் ஜெயிப்பேன் என்று நினைக்கிறேன். வளார் என்றால் இளங்கொம்பு. தென்பாண்டிப் பக்கம் புளியங்குச்சியை "புளிய விளார்", "புளிய மிளார்" என்பார்கள், வாத்தியார் கையில் இருப்பது. வளார், விளார், மிளார், மிலாறு. இதற்கு உருதுவும் வேண்டாம், போர்த்துக்கேயமும் வேண்டாம். அங்கே அடிக்கிற குச்சி, இங்கே அடுப்புக் குச்சி.

சொல்பொறுக்கி

இது உங்களுக்கு. மறுப்பில்லை.

பழைய கணக்கப்பிள்ளை

மிலாறு என்று பெருமையாகப் பேசுகிறீர்கள். எங்களுக்கு அது சண்டை. தலவாக்கலை ஆராய்ச்சி நிலையம் வெட்டின கிளையை மலையிலேயே போடச் சொல்லும். மக்கி மண்ணுக்கு உரமாகும், மண் கழுவிப்போகாது. லயத்தில் அடுப்பு எரிய வேண்டும். இரண்டும் நியாயம். துரை "தடியானதை மட்டும் எடுக்கட்டும், இலையும் சுள்ளியும் கிடக்கட்டும்" என்பார். நான் ஒரு பக்கம் காவல் நிற்பேன், கட்டு மறுபக்கமாக இறங்கும். தெரிந்தும் தெரியாத மாதிரி இருந்த நாள் நிறைய. என் வீட்டு அடுப்பிலும் எரிந்தது அதுதானே.

கவ்வாத்துக் கத்தியைப் பற்றி யாரும் பேசவில்லை. அது வளைந்த முனையுள்ள கத்தி. வெட்டுக்காரன் அதை இன்னொருவன் கையில் கொடுக்கமாட்டான். கல்லில் தீட்டி, கட்டை விரலில் பார்த்து, மறுபடி தீட்டி. கொம்பை ஒரே இழுப்பில் சாய்வாக வெட்ட வேண்டும். சாய்வு எதற்கென்றால், வெட்டுவாயில் தண்ணீர் தங்கக்கூடாது. இரண்டு முறை கொத்தினால் கொம்பு பிளக்கும், பிளந்த இடத்தில் அழுகல் இறங்கும், அழுகலுக்குப் பின்னால் கறையான். முழங்கால் உயரத்துக்கு வெட்டின செடியில் முப்பது நாற்பது வெட்டுவாய் இருக்கும். நல்ல ஆள் வெட்டின செடியை மேலேயிருந்து பார்த்தால் வெள்ளைக் காசு சிதறினது போல் இருக்கும். அப்புறம் தண்டில் இருக்கும் பாசியைச் சுரண்டி, முள்ளால் (மண் கிளறும் கருவி) மண்ணைக் குத்தி, இரண்டு மூன்று மாதம் காத்திருந்தால் துளிர் கிளம்பும். அந்தத் துளிரை முதலில் ஒரே மட்டத்தில் கிள்ளி எடுப்பது இன்னொரு கலை. மட்டக்கம்பு பிடித்த பெண்களைக் கேட்டால் சொல்வார்கள்.

இப்போது முதுகில் என்ஜின் மாட்டிக்கொண்டு வந்து வெட்டுகிறார்கள். வேலை வேகம். வெட்டுவாயைப் பார்க்காதீர்கள், பார்த்தால் தூக்கம் வராது.

வட்டகொடை வாத்தியார்

நான் விவசாயம் கற்பிக்கிறவன், ஆகவே மாற்றுக் கருத்து. பாடநூலில் "கத்தரித்தல்" என்ற தெளிவான தமிழ்ச் சொல் இருக்கிறது. பிள்ளைகள் பரீட்சையில் கவ்வாத்து என்று எழுதினால் நான் சிவப்புக் கோடு போடுவேன். வழக்குச் சொல்லை மதிக்கிறேன், ஆனால் வேற்றுமொழிக் கலப்புச் சொல்லைப் பரீட்சைத் தாளில் பாதுகாக்க வேண்டியதில்லை.

ஊவாக்காரன்

சேர், ஒரு கேள்வி. தேயிலையைக் கத்தரிக்கோலால் வெட்டுவார்களா?

வட்டகொடை வாத்தியார்

கத்தரித்தல் என்றால் கத்தரிக்கோல் மட்டும் அல்லவே தம்பி. துண்டித்தல் என்று பொருள்.

ஊவாக்காரன்

தெரியும் சேர். ஆனால் எனக்கும் பத்தாம் வகுப்பில் அந்தச் சிவப்புக் கோடு விழுந்தது. எங்கப்பா இருபது வருசம் செய்த வேலையின் பெயரைத்தான் எழுதினேன். விடை சரி, சொல் பிழை, அரை மதிப்பெண். கத்தரித்தல் என்பது எனக்கு ரோஜாவையும் துணியையும் காட்டுகிறது. மொட்டை மலையைக் காட்டுவதில்லை.

கூடலூர் சிலோன்காரன்

வாத்தியார் ஐயா, இங்கே தமிழ்நாட்டில் வேளாண்மைத் துறையே கவாத்து என்றுதான் எழுதுகிறது. அக்கரையில் அரசாங்கச் சொல், இக்கரையில் பிழைச் சொல். நான் "வ்" வைத்ததற்குச் சிரிப்பு வாங்கினேன், அவர் சொல்லையே எழுதியதற்குக் கோடு வாங்கியிருக்கிறார்.

வட்டகொடை வாத்தியார்

இரண்டு இரவு யோசித்தேன். பாடநூல் மாறாமல் நான் தனியாக மாற்ற முடியாது. ஆனால் இனிமேல் "கத்தரித்தல் (கவ்வாத்து)" என்று எழுதுகிற பிள்ளைக்கு முழு மதிப்பெண். அடைப்புக்குறி கட்டாயம்!

நெல்லியடியான்

கூடலூர்க்காரர் எழுதியதைப் படித்த பிறகு ஒன்று நினைவுக்கு வந்தது. வட்டவளையில் ஒரு வயதானவர், செடியில் ஒரு கொம்பை மட்டும் இலையோடு விட்டுவிட்டு மற்றதை வெட்டிக்கொண்டிருந்தார். மறந்துவிட்டாரோ என்று நினைத்துக் கேட்டேன். "மூச்சு விட ஒண்ணு வேணும்ல, சேர்" என்றார்.

பழைய கணக்கப்பிள்ளை

ஆமாம், அது உள்ளதுதான். வேரில் சத்துக் குறைந்த மலையில் அப்படி ஒன்றிரண்டு கொம்பு விடுவோம். அந்த இலை சமைத்துக் கொடுப்பதை வைத்துத்தான் செடி மறுபடி துளிர்க்கும். துளிர் வந்த பிறகு அதையும் வெட்டிவிடுவோம். துரைமார் அந்தக் கொம்புக்கு நுரையீரல் என்றே இங்கிலீஷில் பெயர் வைத்திருந்தார்கள். ஆக அந்தப் பெரியவர் சொன்னதும் அதேதான்.

சரி, தங்கச்சி, கணக்கு என்ன ஆயிற்று? ஒரு யோசனை. ஒப்பந்தம் 1964 அக்டோபரில். "ஒப்பந்தப் பேச்சு வந்தப்ப மகன் வயித்துலயா, கையிலயா?" என்று அப்பாயியிடம் கேளுங்கள். அது ஒரு ஆணி மாதிரி நிற்கும்.

அப்பாயி பேத்தி

கேட்டேன் ஐயா. நேற்று ஞாயிறு, தோட்டத்துக்குப் போயிருந்தேன். அப்பாயிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து இந்த இழை முழுவதையும் வாசித்துக் காட்டினேன். காயடித்த இடத்தில் அரை மணி நேரம் சிரித்தார். கூடலூர் அண்ணா அம்மா சொன்னதை இரண்டாவது முறை வாசிக்கச் சொன்னார்.

ஒப்பந்தத்தைக் கேட்டதும், "அப்ப எங்க இருந்தான் ஒங்கப்பன்? எனக்குக் கலியாணமே அந்தத் தீவாளி கழிச்சுத்தானே?" என்றார். அப்படியானால் 1964 அடிபட்டுப்போகிறது. 1965இன் கடைசி வேண்டுமானால் இருக்கலாம். நானும் அண்ணனும் 1965 என்றே முடிவு செய்து, மேசையில் காகிதம் வைத்து எழுதிக்கொண்டிருந்தோம்.

அப்போது அப்பாயி கையை நீட்டி வாசல் வழியாகக் கீழே காட்டினார். "ஆறாம் நம்பர் தெரியுதா, தண்ணிப் பீலிக்குக் கீழ?" நாங்கள் மேலே பார்த்துக்கொண்டிருந்தோம். வீட்டுக்கு மேலே இருப்பதுதான் எங்களுக்குத் தெரிந்த ஆறாம் நம்பர். "அது மேக்கணக்கு ஆறாம் நம்பர். நான் வாக்கப்பட்டு வந்தது கீழ்க்கணக்கு லயத்துக்கு. ஒந்தாத்தா கவ்வாத்து வெட்டுனது அந்த ஆறாம் நம்பரு. மேல வந்தது ஒங்கத்தை பொறந்தப்புறம்."

இரண்டு கணக்கிலும் தனித்தனியே நம்பர் போட்டிருக்கிறார்கள் என்று எங்களுக்கு யாரும் சொல்லவில்லை.

பழைய கணக்கப்பிள்ளை

அட! நானும் கேட்காமல் விட்டுவிட்டேனே. தொழில் பழகினவன் முதலில் கேட்க வேண்டியது அதுதான். கீழ்க்கணக்கு எவ்வளவு உயரம்?

அப்பாயி பேத்தி

அண்ணன் போனில் பார்த்தான். மூவாயிரத்து இருநூறு அடி என்று காட்டுகிறது.

பழைய கணக்கப்பிள்ளை

அப்படியானால் இடைநாட்டுச் சுற்று. மூன்று வருசம், மிஞ்சினால் நாலு. 1969இல் மூன்றைக் கழியுங்கள்.

கொப்பு ஒடித்தவன்

1966. அட்டையில் இருப்பது!

அப்பாயி பேத்தி

நாங்களும் அதைத்தான் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறோம். நாலு என்றால் 1965, மூன்று என்றால் 1966. அப்பா ஒரு மூலையிலிருந்து, "நான் அப்பவே சொன்னேன், அட்டைய நம்புங்கன்னு" என்கிறார். அவர் அப்படி ஒருநாளும் சொன்னதில்லை.

ஜனவரி 1 மட்டும் இல்லை என்பது நிச்சயம். அப்பா பிறந்த அன்று அடுப்பில் பச்சை மிலாறுதான் எரிந்ததாம், புகையில் மருத்துவச்சிக்குக் கண் தெரியவில்லையாம். ஐயா, வெட்டின மிலாறு காய எத்தனை வாரம் ஆகும்? கீழ்க்கணக்கில் எந்த மாதம் கவ்வாத்து வெட்டுவார்கள்?